அப்பாவின் தோள் நழுவியது பற்றி

அன்புள்ள சின்னவளுக்கு,

நீ அங்கே நலமாக இருப்பாய் என்று நம்புகிறேன். இங்கே எல்லோரும் நலம் என்று எழுத இன்று மனம் வரவில்லை. ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து எழுதுகிறேன். அப்பாவின் வலது தோள் மறுபடி நழுவிவிட்டது, உள்ளே மயக்கம் கொடுத்து மூட்டைச் சேர்க்கிறார்கள். பரணிலிருந்து வயர் சுருளை எடுக்கக் கையை உயர்த்தினார், அவ்வளவுதான். வழக்கம்போலத் தோளைத் தானே மாட்டிக்கொள்ள முழங்காலைக் கட்டிப்பிடித்துப் பின்னால் சாய்ந்தார், விருந்தாளிகள் முன்னால் செய்து கைதட்டல் வாங்குவாரே, அதே வித்தை. இந்த முறை எலும்பு அசையவில்லை. நான் வண்டி பிடிக்கத் தெருவுக்குப் போன நேரத்தில் உன் சித்தப்பா, "அண்ணி படிச்சவங்க, தும்மினாலும் ஸ்கேன் எடுக்கச் சொல்வாங்க" என்று சிரித்துக்கொண்டே அப்பாவின் அக்குளில் காலை ஊன்றிக் கையை இழுத்திருக்கிறார். அப்பா போட்ட சத்தம் எனக்குத் தெருமுனை வரை கேட்டது.

இடுப்பு மூட்டின் கிண்ணம் ஆழமானது, தொடை எலும்பின் பந்து அதில் பத்திரமாக உட்கார்ந்திருக்கும். தோளில் இருப்பது கிண்ணம்கூட இல்லை, ஏறக்குறையத் தட்டு. அதனால்தான் கை எல்லாப் பக்கமும் சுழல்கிறது, அதனாலேயே எளிதில் நழுவவும் செய்கிறது. பந்தைப் பிடித்து வைத்திருப்பவை சுற்றியுள்ள தசையும் நாரும் உறையும்தான். ஒவ்வொரு நழுவலிலும் அவை இன்னும் கொஞ்சம் தளர்ந்துபோகும். உன் அப்பா வீட்டில் இந்தத் தளர்வுக்கு ரப்பர் உடம்பு என்று பெயர், பெருமை வேறு. கூப்பிடுகிறார்கள், வருகிறேன்.

மூட்டு சேர்ந்துவிட்டது. ஆனால் மேல்கையின் வெளிப்புறத்தைத் தொட்டால் அப்பாவுக்குத் தெரியவில்லை, கையைப் பக்கவாட்டில் தூக்கவும் முடியவில்லை. நரம்பு இழுபட்டிருக்கிறது, குணமாக மாதக்கணக்கில் ஆகலாம், குணமாகாமலும் போகலாம் என்றார் டாக்டர். நழுவியதாலா, இழுத்ததாலா என்று கேட்டேன், சொல்ல முடியாது என்றார். ஏணியில் நின்று தலைக்குமேல் வயர் இழுத்துத்தான் உன் அப்பாவுக்குப் பிழைப்பு. சித்தப்பா வாசலிலேயே நிற்கிறார், உள்ளே வரச் சொல்லியும் வரவில்லை.

போன மாதம் நீ, "நீந்தும்போது எனக்கும் தோள் கழண்டுச்சும்மா, அப்பா மாதிரியே நானே மாட்டிக்கிட்டேன்" என்று போனில் சிரித்தாய். இப்போதும் போனில் சொன்னால் சிரித்தே மழுப்பிவிடுவாய், அதனால்தான் கடிதம். கண் விழித்ததும் அப்பா சொன்ன முதல் வார்த்தை, "சின்னவகிட்ட சொல்லாதே, பயந்துடுவா." நீ பயப்பட வேண்டும் என்றுதான் எழுதுகிறேன்.

உடம்பில் குறையில்லாமல் நெடுநாள் இரு, கண்ணே. எலும்பு டாக்டரிடம் காட்டும்வரை நீச்சல் வேண்டாம். அவர் சொன்னதை அப்படியே எழுது, எனக்காகக் குறைத்து எழுதாதே.

இப்படிக்கு,
அம்மா