அடிவரை வெட்டிய குருத்து

1981 மார்ச் 8, ஞாயிறு

காலையில் தூறல். ஆராதனை முடிந்து கோயில் பின்கூடத்தில் மாதர் சங்கக் கூட்டம். வந்தவர்கள்: தலைவி திருமதி அருளப்பன், கோயில் செயலாளர் தேவசகாயம் அண்ணன், பாக்கியம், ரோஸ்லின், ரோஸ்லினின் மாமியார் (தூங்கினார்), நான். ஆறு பேர். போதகர் ஐயர் வரவில்லை. ஆஸ்பத்திரியில் யாரையோ பார்க்கப் போயிருந்தார்.

பேச்சு ஒன்றே. ஏப்ரல் 12 குருத்தோலை ஞாயிறு. இந்த வருடம் பேராயர் வருகிறார். ஆகையால் குடும்பத்துக்கு ஒரு முழுத் தென்னங்குருத்து கையில். வாசலில் வளைவு. மொத்தம் நூறு.

"ஞானம் இருக்கும்போது நமக்கு என்னா கவலை லா," தேவசகாயம் அண்ணன். "அதோட தங்கச்சிக்கு பாகான் டத்தோவுல தென்னந்தோப்பு. அறுபது அங்கேயே வெட்டிக்கலாம். மீதி பக்கத்துத் தோட்டத்துல."

தோப்பாம். சலோமிக்கு இருப்பதே அறுபது மரம். புருஷன் செத்து நாலு வருடம். அந்தத் தேங்காயில்தான் அவளும் இரண்டு பெண்களும் சாப்பிடுகிறார்கள். அறுபது என்றால் ஒரு மரம் விடாமல்.

நான் தலையாட்டினேன். எல்லாரும் என்னைப் பார்த்துச் சிரித்தபோது நன்றாக இருந்தது. அதையும் எழுதி வைக்கிறேன்.

தேநீருக்குப் பின் கேக்கில் பாதி குப்பைக்கு. எறும்பு வருமாம்.

மார்ச் 11, புதன்

நல்ல வெயில். லெந்து நோன்புக்காகக் கோயில் அலமாரி சுத்தம், பாக்கியமும் நானும். எலிப் புழுக்கை, கரப்பான் முட்டை, யாரோ வைத்து மறந்த பிஸ்கட் தகரம். திறந்ததும் மூடிவிட்டேன்.

எரிக்க ஒதுக்கியதில் ஒரு சின்ன ஆங்கிலப் புத்தகம், அட்டை இல்லை. மோசேயின் சட்டத்தை யூதப் போதகர்கள் எப்படி விளக்குகிறார்கள் என்று. எடுத்துக்கொண்டேன்.

"அதை வச்சி என்னாக்கா பண்ணப் போறீங்க? பீசாங் கோரேங் பலகாரம் மடிக்கக்கூட பத்தாது." பாக்கியம்.

நான் தோட்டத்துப் பள்ளியில் மூன்றாவது வரைதான். ஆங்கிலம், மகள் புத்தகங்களில் திருட்டுத்தனமாகப் படித்தது. நாளுக்கு இரண்டு பக்கம், அகராதியுடன். பார்ப்போம்.

கம்பம் மீன், கங்கோங் கீரை. என் வீட்டுக்காரருக்கு லாரி வேலை குவாந்தான் பக்கம், ஞாயிறுதான் வருவார்.

மார்ச் 13, வெள்ளி

சட்டம் இது: ஒரு பட்டணத்தை முற்றுகை போட்டாலும் அங்கே உள்ள கனிமரத்தில் கோடாரி வைக்காதே. வேதத்தில் எத்தனை முறை கடந்து போயிருக்கிறேன். சண்டைக்காரர்களுக்குச் சொன்னது, எனக்கென்ன என்று.

யூதப் போதகர்கள் அப்படி விடவில்லை. உயிர் போகும் சண்டையிலேயே கூடாது என்றால் சும்மா இருக்கிற நாளில் எப்படிக் கூடும் என்று கேட்கிறார்கள். பிறகு ஒவ்வொன்றாக: சாமானை உடைக்கக் கூடாது, துணியைக் கிழிக்கக் கூடாது, ஊற்றை அடைக்கக் கூடாது, சோற்றை வீணாக்கக் கூடாது. விளக்கில் எண்ணெய் தேவைக்கு மேல் எரிந்தால் அதுவும் குற்றமே. நம்முடையதாக இருந்தாலும் அழிக்க உரிமை இல்லை.

கேக் ஞாபகம் வந்தது.

மார்ச் 16, திங்கள்

சாக்கடை அடைப்பு. ஈப்போ சிலிபினில் எங்கள் வீட்டு வரிசை முழுக்க நாற்றம். நகராண்மைக்குச் சொல்லியாயிற்று. வரவில்லை.

இன்னும் படித்தது:
ஏழாம் வருடம் நிலத்துக்கு ஓய்வு. உழக் கூடாது, விதைக்கக் கூடாது. நிலம் ஆண்டவருடையது, நாம் அவரிடம் குடியிருக்க வந்தவர்கள். தோட்டத்து லயத்தில் பிறந்தவளுக்கு இதை யாரும் விளக்க வேண்டாம். குடியிருந்த வீடு எங்களுடையது என்று ஒரு நாளும் நினைத்ததில்லை.
ஆதிமனிதனை ஆண்டவர் ஏதேனில் ஒவ்வொரு மரமாகக் கூட்டிப் போய்க் காட்டினாராம். கெடுத்துவிடாதே, கெடுத்தால் உனக்குப் பின்னால் சரிசெய்ய ஆள் இல்லை என்றாராம். இது யூதர்கள் சொல்லும் கதை.
அவர்களுக்கும் ஓலைப் பண்டிகை உண்டு! பேரீச்சங்குருத்து, ஆளுக்கு ஒன்று. பண்டிகை முடிந்ததும் எறிவதில்லை. சிலர் காய வைத்து, அடுத்த பண்டிகையின் அப்பம் சுட அடுப்பில் வைக்கிறார்கள். ஒரு நல்ல காரியத்துக்கு வந்தது இன்னொன்றுக்கும் உதவட்டும் என்று.

பக்கத்து வீட்டு லெட்சுமியிடம் வேலியோரம் சொன்னேன். அவள் மாரியம்மன் கோயிலுக்கு வாழைமரம் கட்டுகிறவள்.

"வாழையை வெட்டுனா பக்கத்துல கன்னு நிக்கும் லா. தென்னைக்கு மண்டை ஒண்ணுதானே, ஞானம்? நீங்க அந்த மண்டையிலயா கை வைக்கிறீங்க?"

துணி காயப்போடப் போனேன்.

மார்ச் 21, சனி

சலோமி வீட்டுக்குப் போய் வந்தேன். ஈப்போ பஸ், தெலுக் ஆன்சனில் மாறி பாகான் டத்தோ. வழியில் பழைய ரப்பர் பால்மரத் தோட்டம் ஒன்றைச் சாய்த்துக் கொளுத்துகிறார்கள், எண்ணெய்ச் செம்பனை நட. கண் எரிச்சல். கைக்குட்டையில் கரி. பஸ்ஸில் ஒருவன், "இன்னும் ரெண்டு வருஷத்துல காய் லா, நல்ல காசு," என்று கூவினான்.

சலோமிக்கு இரண்டு தேங்காய் பன்னும் பிள்ளைகளுக்குப் பென்சிலும். அறுபது குருத்து வேண்டும் என்று சொல்லவே போனேன். முதலில் மரங்களைப் பார்த்தேன்.

ஏழு மரம் மொட்டை. கொண்டை இல்லாமல் மின்கம்பம் மாதிரி நிற்கிறது.

"இது எப்ப ஆச்சு?"

"போன வருஷம் நம்ம கோயிலுக்கு வெட்டுனாங்கல்லக்கா. நாப்பது மரத்துல வெட்டுனாங்க. ஏழு போச்சி. எட்டாவது இந்தா, இழுத்துப் பாருங்க."

சின்ன மரம், கை எட்டும் உயரம். குருத்தைப் பிடித்து இழுத்தேன். மெழுகுவத்தி மாதிரி வழுக்கிக் கையோடு வந்துவிட்டது. அடியில் பழுப்புக் கூழ். செத்த எலி நாற்றம். மூன்று தடவை சோப்புப் போட்டும் விரலில் இருக்கிறது.

வெட்ட வந்தவர்கள் பாராங் கத்தியை அடிவரை இறக்கியிருக்கிறார்கள். அப்போதுதான் குருத்து வெள்ளையாக, நீளமாக வரும். தேவசகாயம் அண்ணன்தான் நீளமாய் வேண்டும் என்றாராம். உள்ளே மண்டையில் வெட்டு, அதில் மழைத்தண்ணீர், பிறகு வண்டு.

"ஏன்டி என்கிட்ட சொல்லல?"

"சாமி காரியம். நீங்க கேட்டீங்க. எப்படிக்கா சொல்றது?"

"இந்த வருஷம் அறுபது கேக்குறாங்க."

அவள் சோறு போட்டாள், கருவாட்டுக் குழம்பு. குடுக்கப் போறியா என்று இரண்டு முறை கேட்டேன். "சாப்பிடுங்கக்கா, ஆறிடும்," என்பதே பதில்.

சின்ன வயதில் பால்மரம் வெட்டியவள் நான். பட்டையை மட்டும் சீவ வேண்டும், கத்தி கட்டையில் பட்டால் காயம். காயம் போட்டால் கங்காணி ஊரைக் கூட்டுவார். வெள்ளைக்காரன் மரத்துக்கு அத்தனை பதனம். என் தங்கச்சி மரத்துக்கு?

மார்ச் 22, ஞாயிறு

பிரசங்கம் காதில் ஏறவில்லை. முடிந்ததும் கோயில் பின்சுவர்ப் பக்கம் போனேன். போன வருடக் குருத்து அங்கேதான் எறிந்தது. குச்சியால் கிளறினேன். கறுத்த சகதி, உள்ளே கட்டைவிரல் மொத்தத்தில் வெள்ளைப் புழுக்கள். ஒவ்வொன்றும் நாளைக்கு வண்டாகும். வண்டு எங்கே போகும்? ஒரு தென்னைக்குத்தான்.

வீட்டில் போன வருடச் சங்க நோட்டை எடுத்தேன். என் கையெழுத்து, கோடு போட்டு அழகாக:
வந்தது 40.
வளைவுக்கும் பீடத்துக்கும் 14.
கீறிக் கைக்குக் கொடுத்தது 10.
மீதி 16.

மீதி பதினாறு. எழுதினேன், கூட்டினேன், சரியாக வந்தது என்று சந்தோஷப்பட்டேன். பதினாறு மரத்து மண்டை சுவரோரம் கிடந்தது. எனக்குக் கணக்குச் சரி. என் மேலேயே அருவருப்பு.

மார்ச் 24, செவ்வாய்

சாக்கடை இன்னும் அப்படியே.

லெட்சுமி வீட்டுத் தென்னையின் கீழ்மட்டை ஒன்று விழுந்தது. கேட்டு வாங்கி இலைகளை எண்ணினேன். ஒரு பக்கம் நூறுக்கு மேல், மறு பக்கமும் அப்படி. ஓர் இலை போதும் ஒரு சிலுவை மடிக்க. அப்படியானால் ஒரே குருத்தைக் கீறினால் கோயில் பாதிக்குக் கைக்கு ஒன்று. மூன்று குருத்தில் எல்லாருக்கும் கொடுத்து மிச்சமும் இருக்கும். அதுவும் தேவையா? விழப்போகிற பச்சை மட்டையே போதும். பேராயருக்கு வெள்ளைக் குருத்துதான் கண்ணுக்குத் தெரியுமா?

மகள் கேட்டாள், "அம்மா, ஓலையையா எண்ணுறீங்க?" சிரித்துவிட்டுப் போனாள்.

மார்ச் 29, ஞாயிறு

மாதர் சங்கம். அதே ஆறு பேர், கூட ஐயர். மாமியார் இன்று விழித்திருந்தார்.

நான் எழுந்து சொன்னேன். ஏழு மரம், பதினாறு மீதி, புழு, மூன்று குருத்துக் கணக்கு. கனிமரச் சட்டமும் யூதப் போதகர்கள் சொன்னதும்.

திருமதி அருளப்பன் யாழ்ப்பாணத்துக்காரர், பொறுமையாகக் கேட்டுவிட்டு: "ஞானம், அது யூதருக்குச் சொன்னது. எங்களுக்குக் கிருபை இருக்குதல்லோ. பேராயரை ஒரு ஈர்க்கைப் பிடிச்சுக்கொண்டு வரவேற்கிறதே? விளக்குமாத்துக் குச்சி மாதிரி!"

சிரிப்பு. ரோஸ்லினுக்குத்தான் ரொம்ப.

தேவசகாயம் அண்ணன்: "ஞானம்மா இப்ப யூதச்சியா மாறிடுச்சி போல. சனிக்கிழமை சமைக்காதீங்க லா! மரந்தானே, திரும்ப வளரும்."

"வளராது அண்ணே. தென்னைக்கு மண்டை ஒண்ணுதான்."

"ஏழு மரத்துக்கு இவ்வளவு சுசாவா, இவ்வளவு தொல்லையா?"

ஏழு மரம் அவருக்கு ஏழு. சலோமிக்கு அது ஒரு மாதத்து அரிசி, மாதாமாதம்.

ரோஸ்லினின் மாமியார் மட்டும், "பச்சை ஓலை போதும்ப்பா, நாங்கல்லாம் எஸ்டேட்டுல அப்படித்தான் புடிச்சோம்," என்றார். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

ஐயர் என் முகத்தைப் பார்க்காமல்: "நீங்க சொல்றது சரிதான் சகோதரி. ஆனா ஏற்பாடு நடந்துடுச்சி. இந்த வருஷம் போகட்டுமே."

இந்த வருஷம் போகட்டும். மிச்ச மண்டையும் போகட்டும்.

முடிவு: ஏப்ரல் 10 வெள்ளி, லாரி நேரே சலோமி வீட்டுக்கு. என்னிடம் இனி கேட்க மாட்டார்களாம். "தங்கச்சி நல்ல பிள்ளை, குடுக்கும்," என்றார் தேவசகாயம் அண்ணன். கொடுப்பாள். அதுதான் பயம்.

தேநீர் குடிக்கவில்லை.

ஏப்ரல் 1, புதன்

மழை. சாக்கடை தானாகத் திறந்துகொண்டது. நகராண்மைக்கு வேலை மிச்சம்.

நோட்டை சங்கத்துக்கே திருப்பினேன். பாக்கியம் வாங்கிக்கொண்டாள். "கோவமாக்கா?" "கோவம் இல்ல, குமட்டுது," என்றேன். "எங்க வீட்டுக்கு ஒரு இலை போதும்க்கா," என்றாள். ஒரு வீடு.

ஜெபம் பண்ண உட்கார்ந்தேன். விரலை மோந்து பார்த்தபடியே எழுந்துவிட்டேன்.

ஏப்ரல் 4, சனி

வெயில். கடிதம் எழுதி, தபாலில் போட்டேன். வார்த்தை பிசகாமல் இங்கே நகல்:

அன்புள்ள தங்கை சலோமிக்கு அக்கா ஞானம் எழுதுவது. பிள்ளைகள் சுகமா? அடுத்த வெள்ளிக்கிழமை பத்தாம் தேதி கோயில் லாரி உன் வீட்டுக்கு வரும். அறுபது குருத்து கேட்பார்கள். சாமி காரியம் என்பார்கள். அக்கா சொன்னதாகவும் சொல்லக்கூடும். நான் சொல்லவில்லை. போன வருடம் கேட்டது நான், உன் ஏழு மரம் செத்தது என்னால். பதினாறு குருத்து கோயில் பின்னால் அழுகிப் புழுத்ததை என் கண்ணால் பார்த்தேன். ஆண்டவர் சண்டைக்காரனிடமே கனிமரத்தைத் தொடாதே என்றார். வேண்டாம் என்று சொன்னால் நீ அவருக்கு விரோதமாகச் சொல்வதில்லை. விழப்போகிற பச்சை மட்டை பத்து கட்டி வை, வேண்டுமானால் அதை எடுத்துப் போகட்டும். பாராங்கோடு மரம் ஏறினால் இறங்கச் சொல். உன்னால் முடியாது என்றால் ஒளிக்காமல் எழுது, வியாழன் பஸ்ஸில் நான் வந்து லாரிக்கு முன்னால் நிற்கிறேன். இவரிடமும் சொல்லிவிட்டேன். போன தடவை மாதிரி சோறு போட்டு மழுப்பாதே. வேண்டாம் என்று சொல்வாயா, மாட்டாயா? புதன்கிழமைக்குள் எனக்குத் தெரிய வேண்டும். சீக்கிரம் பதில் போடு.