பிடுங்காமல் விட்ட மல்லாட்டை

இன்று சாயங்காலம் கொல்லை நிலத்துக்குப் போனபோது அந்த வாசனை வந்தது. ஈர மண்ணும் மல்லாட்டையும் கலந்த, உங்களுக்குப் பிடித்த வாசனை. ஆனால் இன்றைக்கு அதில் லேசாகப் புளிப்பும் இருந்தது. ஒரு செடியைப் பிடித்து இழுத்தேன். செடி சுலபமாகக் கையோடு வந்துவிட்டது, காய் மண்ணிலேயே நின்றுவிட்டது. விரலால் கிளறினால் பாதிக் காயில் முளை. நீங்கள் இருந்திருந்தால் இந்த மல்லாட்டை எப்போதோ வீட்டுக்கு வந்திருக்கும்.

நாளைக் காலையில் கமிஷனர் வருகிறார். நிலத்தைப் பார்த்து எழுத விழுப்புரம் கோர்ட் அனுப்புகிற வக்கீல் அவர். வருகிறேன் வருகிறேன் என்று நாள் தள்ளிக்கொண்டே போனார். "அவர் வந்து பாக்குற வரைக்கும் ஒரு வேர்க்கடலைச் செடி அசையக் கூடாதும்மா" என்று நம் வக்கீலம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். நடுவில் மழையும் பெய்தது. வரப்பில் நின்று வெறுமனே பார்த்துக்கொண்டிருந்தேன்.

எனக்கு எதற்கெடுத்தாலும் பயம் என்பது உங்களுக்குத் தெரியாததா? உங்கள் அப்பா காலத்திலிருந்து பயிர் வைக்கிற கொல்லையை, அரசாங்க நிலம் என்று சொல்லி தாசில்தார் ஆபீஸ்காரர்கள் பலகை நட வந்தார்களே, அன்றைக்குப் பிடித்த பயம். ரோட்டிலிருந்து ஜீப் திரும்பினாலே எனக்குக் கையும் ஓடாது காலும் ஓடாது. "இன்னா புள்ள, கோழித் தீவனக்காரன்கூட ஜீப்புலதான் வர்றான். அவனுக்கும் பயந்து சாவுறியா?" என்று சிரிப்பீர்கள். அவர்களை எதிர்த்து நாம் கேஸ் போட்ட திண்டிவனம் கோர்ட்டில் நான் சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். நீங்களோ வெளியே டீக்கடையில் முன்பின் தெரியாதவரிடம் உளுந்து விலை பேசிக்கொண்டிருப்பீர்கள்.

அந்தக் கேஸில்தான் முதல் கமிஷனர் வந்தார். அவர் வருவதற்கு முதல் நாள் மேற்கே கருத்துக்கொண்டு வந்தது. நீங்கள் ஆள் கூட்டி அத்தனை மல்லாட்டையையும் பிடுங்கி, செடியோடு வீட்டுக்கு ஏற்றினீர்கள்.

"நாளைக்குக் கமிஷனர் வர்றாருங்களே" என்றேன்.

"வரட்டுமே. கமிஷனர் வர்றது மழைக்குத் தெரியுமா? ஜல்தி புடுங்கு" என்றீர்கள்.

ராத்திரி பெய்த மழை, பிடுங்கின தடமே இல்லாமல் கொல்லையைக் கழுவி வைத்தது. கமிஷனரோடு வந்த ரெவின்யூ இன்ஸ்பெக்டர், "பாருங்க சார், புல்லு பூண்டுகூட இல்ல. காலி நிலம்" என்றார்.

"நேத்துதான் சார் புடுங்கினோம். வூட்ல குவிஞ்சி கெடக்குது, ஒரு எட்டு வந்து பாருங்க" என்று நீங்கள் கெஞ்சினீர்கள். நீங்கள் ஒருவரிடம் கெஞ்சி நான் பார்த்தது அன்றுதான்.

"நிலத்தைப் பாக்கத்தான் எனக்கு ஆர்டர்" என்று சொல்லி எழுதிக்கொண்டு போனார் கமிஷனர். நிலம் நம் அனுபவத்தில் இருப்பதை நாம் நிரூபிக்கவில்லை என்று தீர்ப்பு வந்தது. விழுப்புரத்தில் அப்பீல் போட்டு, அது முடிகிறவரை யாரும் நம்மை வெளியேற்றக் கூடாது என்று தடை வாங்கினோம். அதனால்தான் இந்தப் பயிரும் வைக்க முடிந்தது.

தீர்ப்புக்குப் பிறகு என் பயம் உங்களுக்கும் ஒட்டிக்கொண்டது. ஜீப் சத்தம் கேட்டால் சோற்றில் வைத்த கை அப்படியே நிற்கும். "என் கையாலயே கெடுத்துக்கினேன் புள்ள" என்பீர்கள். அதையே சொல்லிச் சொல்லி, அப்பீல் விசாரணைக்கு வருமுன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு போய்ச் சேர்ந்துவிட்டீர்கள்.

நீங்கள் எதையும் கெடுக்கவில்லை. நிலம் தன்னுடையது என்று இருப்பவன் மழைக்கு முன்னால் பிடுங்கத்தான் செய்வான். கமிஷனர் பார்க்கட்டும் என்று காயை முளைக்க விடமாட்டான். கோர்ட்டுக்கு அது தெரியவில்லை. எனக்கே இன்றைக்கு அந்த முளையைப் பார்த்தபோதுதான் உறைத்தது. பிடுங்கினால் காலி நிலம் என்றார்கள். விட்டுவைத்தால், சொந்த நிலமாக இருந்தால் இப்படி அழுக விடுவாளா என்று நாளைக்கு அதே இன்ஸ்பெக்டர் கேட்க மாட்டாரா? கமிஷனரே குனிந்து ஒரு செடியை இழுத்து, வெறும் வேர் கையில் வந்தால் என்ன எழுதுவார்? நினைக்க நினைக்கப் பயமாக இருக்கிறது. நான் பயந்தால் சிரிக்கவும் ஆள் இல்லை.

நாளைக்கு அவர் முன்னால் மண்ணில் உட்கார்ந்து, ஒவ்வொரு காயாகக் கிளறி எடுத்துக் காட்டுவேன். "எங்க வூட்டுக்காரரு காலாகாலத்துல புடுங்கினாரு சார், காலின்னு எழுதிட்டாங்க. அதான் விட்டுட்டேன்" என்று சொல்வேன். சொல்ல வாய் வருமா தெரியவில்லை. அவர் எழுதி முடித்துக் கையெழுத்துப் போட்டதும், ஜீப் ரோடு ஏறும்வரைகூடக் காத்திருக்காமல் பிடுங்க ஆரம்பித்துவிடுவேன். ஆட்களை விடியும்போதே வரச் சொல்லியிருக்கிறேன்.

இப்போது வாசலுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். மேற்கே கருத்திருக்கிறது. கமிஷனர் வருவது மழைக்குத் தெரியாதுங்க.