நேட்டால் சுரங்கத்துப் பிரசங்கம்

லா சப்பல், பாரிஸ், கார்த்திகை 2011

அன்பு மகளுக்கு,

நீ ஆய்வுக்குக் கேட்ட பிரசங்கத் தாள்களை இன்னும் அனுப்பவில்லை. நேரமில்லை என்று போனில் சொன்னது பொய்.

ஆபிரிக்காவில், நேட்டால் நிலக்கரிச் சுரங்கத்தில் வேலைசெய்த நம் ஒப்பந்தக் கூலிகளுக்காக அங்கே உபதேசியாராக இருந்த என் பூட்டன் கைப்பட எழுதியவை அவை. ஒன்று மிக அழகு. முறுமுறுக்காமல் உழையுங்கள், நிலத்தடியிலும் கர்த்தர் உங்களைக் காண்கிறார் என்று போகும்.

போன ஞாயிறு செபக்கூட்டத்தில் அதைத்தான் வாசித்தேன். சுரங்கம் என்று வந்த இடங்களில் குசினி என்று மாற்றினேன். வேறெதையும் மாற்ற வேண்டியிருக்கவில்லை. வன்னியிலிருந்து வந்து, விசா இல்லாமல் ரெஸ்ரோறன்ட் நிலவறைக் குசினிகளில் கோப்பை கழுவுகிற பெடியள் தலை குனிந்து கேட்டார்கள்.

பூட்டன் எழுதியது என்று பிறகு சொன்னேன். கோகிலன் என்ற பெடியன் வாசலில் நின்று, “ஐயா, அவருக்கு ஆர் சம்பளம் குடுத்தது?” என்று கேட்டான். தாள்களைக் கேட்டபோது நீயும் அதைத்தானே கேட்டிருந்தாய். தெரியாது என்றேன்.

அவன் போனதும் அவனுடைய ரெஸ்ரோறன்ட் முதலாளி வந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினார். “நல்லாச் சொன்னீங்கள் அண்ணை. வாற ஞாயிறும் இதையே சொல்லுங்கோ.”

நான் ஓம் என்று சொல்லிவிட்டேன்.

பிள்ளை, தபாலை நம்ப வேண்டாம். சனிக்கிழமைக்குள் நீயே வந்து எடுத்துக்கொண்டு போ.

அப்பா