பதினோரு நாளில் ஒரு நாள்

ஜெராக்ஸ் கடைக் காகிதத்தில் சூடு ஆறும்வரை ஒரு வாசனை இருக்கும். இன்று காலை உன் வீட்டுக்காரர் ஒரு பை நிறைய அந்த வாசனையைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தார். நீ இணையத்தில், உன் பிளாக்கில் எழுதியதெல்லாம். நீ போய் எட்டு மாதமாகிறது. குறைமாதத்தில் பிள்ளை பெற்றவர்களுக்கு இலவசமாகக் கொடுக்க, இதையெல்லாம் சேர்த்துச் சின்னப் புத்தகமாகப் போடப்போகிறாராம். "அன்னிக்கி ஆஸ்பத்திரில கூடவே இருந்தது நீங்கதான்க்கா. தப்பு எதனா இருந்தா கோடு போட்டுக் குடுங்க" என்று பென்சிலையும் நீட்டினார்.

எனக்கு முதலில் என்ன தோன்றியது தெரியுமா? செத்தும் புத்தகம் போடுகிறாள் பார், என்றுதான். உன்னிடம் மறைத்து என்ன ஆகப்போகிறது. நீ இருந்தபோதே உன்னைப் பார்த்தால் எனக்கு வயிற்றெரிச்சல். உன்னோடு அதுவும் போய்விடும் என்று நினைத்தேன், போகவில்லை.

பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரே நாளில் நமக்குப் பிரசவம் ஆயிற்று. இரண்டு பேருக்கும் ஏழாம் மாதம். உனக்குப் பையன், எனக்குப் பெண். இரண்டையும் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தார்கள், நாம் பக்கத்துப் பக்கத்துக் கட்டிலில் கிடந்தோம். அப்போதே ஆரம்பித்துவிட்டது. உனக்குச் செவிலிமேட்டில் புது வீடு, கம்பெனி வேலைக்குப் போகிற புருஷன், தலைமாட்டில் உட்கார்ந்து முடியைக் கோதிவிடுகிற மாமியார். எங்கள் வீட்டில் பட்டுக்குச் சாயம் போடுகிற தொழில். கொதிக்கிற சாயத்தண்ணீர் பக்கத்தில் நான் நின்றதால்தான் குழந்தை அவசரப்பட்டு வந்துவிட்டது என்று என் மாமியார் வார்டுக்கே கேட்கும்படி சொன்னாள். உன்னை யாரும் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை.

இரண்டாம் நாள் காலையில் உன்னைச் சக்கர நாற்காலியில் வைத்துப் பெட்டிகள் இருந்த அறைக்குள்ளே ஒரு தடவை தள்ளிக்கொண்டு போனார்கள். மத்தியானம் உன் பையன் போய்விட்டான். உன் வீட்டு ஆண்கள் துணியில் சுற்றிப் பாலாற்றுப் பக்கம் எடுத்துப் போனார்கள். ஆபரேஷன் செய்த உடம்பு, ரத்த அழுத்தமும் இறங்கவில்லை, அதனால் உன்னை வீட்டுக்கு அனுப்பவில்லை. என் மகள் இருந்த பதினோரு நாளும் நீ அந்தக் கட்டிலிலேயே கிடந்தாய்.

சாயங்காலம் நான் உள்ளே போய்ப் பால் பீய்ச்சிக் கொடுத்துவிட்டு வந்ததும் என் பக்கம் திரும்பிப் படுப்பாய். "இன்னிக்கி இன்னாக்கா பண்ணா?"

நானும் சொல்வேன். இன்று நினைத்தால் எனக்கே கூசுகிறது. பிள்ளையைப் பறிகொடுத்தவளிடம் இப்படியா பீற்றிக்கொள்வது? விக்கல் எடுத்தாள் என்பேன், இருபது கிராம் ஏறியிருக்கிறாள் என்பேன். ஐந்தாம் நாள் பெட்டியின் ஓட்டை வழியாகக் கையை விட்டேன். எவ்வளவு சோப்புப் போட்டுத் தேய்த்தும் நகக்கண்ணில் சிவப்புச் சாயம் போகாத என் சுண்டுவிரலை அவள் பிடித்துக்கொண்டாள். பக்கத்தில் நின்ற நர்ஸ், "புடிச்சா விடமாட்டா போலக்குதே" என்று சிரித்தார். அதை உன்னிடம் அன்றைக்கு மட்டும் மூன்று தடவை சொல்லியிருப்பேன்.

பதினோராம் நாள் அவளும் போய்விட்டாள். பெயர் வைக்கவில்லை. பெயர் வைத்தால் பாசம் ஒட்டிக்கொள்ளும், மறக்க முடியாது என்றார்கள். உள்ளே செல்போன் கூடாது என்பதால் ஒரு போட்டோவும் இல்லை. அடுத்த மாதமே சாயப்பட்டறையில் நின்றேன். அடுத்தது பார்த்துக்கொள்ளலாம் என்று சொல்லாதவர்கள் எங்கள் தெருவில் யாரும் இல்லை.

அடுத்தது உனக்கும் பிறந்தது, எனக்கும் பிறந்தது. நீ மகளை வளர்த்துக்கொண்டே பிளாக் எழுத ஆரம்பித்தாய். பால் கட்டினால் என்ன செய்வது, தடுப்பூசி போட்ட காய்ச்சலுக்கு என்ன செய்வது என்று நன்றாகத்தான் எழுதினாய். நடுவில் ஒரு நாள் உன் பையனைப் பற்றி எழுதினாய். எங்கெங்கோ இருக்கிற பெண்கள் அவனுக்காக அழுதார்கள். அவனுக்கு நீ வைத்த பெயரைச் சொல்லி, பெயரைச் சொல்லி அழுதார்கள். நான் ஒவ்வொன்றாகப் படித்தேன். என் மகளுக்காக என்னைத் தவிர ஒருத்தரும் அழவில்லையே என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. உனக்கு எழுத வருகிறது, எனக்கு வரவில்லை. அதற்கு என் பிள்ளை என்ன செய்யும்?

பிறகு ஒரு நாள், பட்டறையில் தண்ணீர் கொதித்துக்கொண்டிருந்தபோது உன் புதுப் பதிவைத் திறந்தேன். பெட்டிக்குள் கையை விட்டாயாம். உன் பையன் உன் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டானாம். பிடித்தால் விடமாட்டான் போலிருக்கிறதே என்று நர்ஸ் சிரித்தாராம். நகத்துச் சாயத்தை மட்டும் விட்டுவிட்டாய். அடுப்பை அணைக்கத் தோன்றாமல் நின்றேன். ஒரு சேலைக்கான பட்டு முழுவதும் நிறம் கருத்துப்போய், என் வீட்டுக்காரர் கத்திய கத்து தெருமுனைவரை கேட்டது. அதைக் காதில் வாங்காமல் செவிலிமேட்டுக்கு பஸ் ஏறினேன்.

நீ மகளுக்கு இட்லி ஊட்டிக்கொண்டிருந்தாய். நான் உட்காரக்கூட இல்லை.

"அது என் பொண்ணு" என்றேன்.

எதைச் சொல்கிறேன் என்று நீ கேட்கவில்லை. குழந்தையின் வாயைத் துடைத்து அவளை வெளியே விளையாட அனுப்பினாய். "தெரியும்க்கா" என்றாய். "என் புள்ள ஒண்ணுமே பண்ணல. கண்ணக்கூடத் தொறக்கல. நீ தெனம் வந்து சொல்லிக்கினு இருந்தியே, எனக்கு எப்பிடி எரிஞ்சிது தெரியுமா? உங்கிட்ட பதினோரு நாள் இருக்குது. அதுல ஒரு நாள எடுத்துக்கினேன்."

என்னைப் பார்த்து ஒருத்தி பொறாமைப்பட்டிருப்பாள் என்று அதுவரை எனக்குத் தோன்றியதே இல்லை. அப்படியும் மனது இளகவில்லை. அழித்துவிடட்டுமா என்று கேட்டாய். செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன். உனக்குப் புற்றுநோய் என்று தெரிந்த பிறகுதான் மறுபடி உன் வாசலை மிதித்தேன். அப்போது நீயும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை. நீ அதை அழித்திருப்பாய் என்றே நம்பிக்கொண்டிருந்தேன்.

இன்று காலை கட்டின் நடுவில் அந்தப் பக்கம் வந்தது. ஒரு எழுத்தும் மாறவில்லை. பென்சிலை அந்த வரிக்கு அடியில் வைத்துக் கோட்டை இழுக்க ஆரம்பித்தேன். எனக்கு உரிமை இருக்கிறது, இல்லையா? எதிரே டீ குடித்துக்கொண்டிருந்த உன் வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார்.

"அந்தப் பக்கமாக்கா?" என்றார். "என்ன உள்ள விடலியே. கண்ணாடிக்கு வெளிய நின்னு பாத்தேன், வெறும் ட்யூபுதான் தெரிஞ்சிது, மூஞ்சியே தெரில. இதப் படிச்சப்புறம்தான்க்கா, நமக்குன்னு ஒரு பையன் இருந்தான்னே எனக்குத் தோணிச்சி." டம்ளரைக் கீழே வைத்தார். பிறகு, "அதுல எதனா தப்பா?" என்று கேட்டார்.

போட்ட கோட்டைக் கட்டைவிரலால் தேய்த்தேன்.

"தப்பு இல்லப்பா. ஒண்ணு விட்டுட்டா" என்றேன். "வெரலப் புடிச்சிக்கினே கொட்டாவி விட்டான். வாய் இத்தினியூண்டு. அத எழுத மறந்துட்டா."

அவர் என் கையிலிருந்து பென்சிலை வாங்கி ஓரத்தில் தானே எழுதிக்கொண்டார். எவ்வளவு சின்ன வாய் என்று கேட்டார். சுண்டுவிரல் நகத்தைக் காட்டினேன். அதையும் எழுதினார்.

அந்தக் கொட்டாவியை நான் உன்னிடம்கூடச் சொன்னதில்லை. என் வீட்டுக்காரரிடமும் சொன்னதில்லை. எனக்கே எனக்கென்று வைத்திருந்தேன். அவர் பையை எடுத்துக்கொண்டு போனதிலிருந்து வயிறு எரிய எரிய உட்கார்ந்திருக்கிறேன். உனக்காகக் கொடுத்தேன் என்று மட்டும் நினைத்துவிடாதே. அந்த மனிதரின் முகத்தைப் பார்த்து வாய் தவறிவிட்டது, அவ்வளவுதான்.

என்னிடம் இன்னும் பத்து நாள் இருக்கிறது. அதை யாருக்கும் தரமாட்டேன். நீயே வந்து கேட்டாலும் தரமாட்டேன்.

வந்து கேட்டுத்தான் பாரேன்.