என் வாரம், அண்ணன் வாரம்

1936 ஜூன் 12, வெள்ளி

காலையில் கொஞ்சம் சாரல் விழுந்தது. உடனே நின்றும்விட்டது. இந்த வருஷக் குற்றாலச் சீசனுக்கும் என்னைப் போலவே ஒரு நிலை இல்லை.

இந்த வாரம் கார் அண்ணனுக்கு. அவர் வீட்டுக்கும் என் வீட்டுக்கும் நடுவில் உள்ள கொட்டகையில்தான் நிற்கிறது. ஆனால் ஞாயிறு மாலை ஆறு மணி வரை நான் அதைத் தொடக்கூடாது. தை மாதம் பாகம் பிரித்தபோது வயலைப் பிரித்தார்கள், தோப்பைப் பிரித்தார்கள், அம்மாவின் வெண்கலப் பானைகளைக்கூட எண்ணிப் பிரித்தார்கள். காரை மட்டும் அறுக்க முடியவில்லை. வல்லிநாயகம் மாமா பத்திரத்தில் எழுதிவிட்டார்: ஒரு வாரம் மூத்தவன் மந்திரமூர்த்திக்கு, மறு வாரம் இளையவன் செல்லப்பாவுக்கு. யார் வாரத்தில் பழுதாகிறதோ அவரே சரிசெய்ய வேண்டும். செய்யாவிட்டால் கார் மற்றவருக்கு.

அண்ணனும் நானும் பேசி ஐந்து மாதம் ஆகிறது.

யாரிடமும் சொல்லாததை இங்கே எழுதிவிடுகிறேன். ரேடியேட்டர் அடியில் ஓர் ஓரமாகத் தண்ணீர் கசிகிறது. மாசியிலேயே பார்த்துவிட்டேன். புளியங்குடி எலுமிச்சைச் சந்தையில் ஒரு லாரிக்காரன் சொன்னான்: ஒரு கை தவிடு போட்டால் அதுவே போய் ஓட்டையை அடைத்துக்கொள்ளுமாம். அன்று முதல், என் வாரம் முடிகிற ஞாயிறுதோறும் டிரைவர் இசக்கியப்பன் சாப்பிடப் போனதும் ஒரு கை தவிடு. கைமாறும்வரை அடைத்து நிற்கட்டும், பிறகு ஒழுகுவதானால் அண்ணன் வாரத்தில் ஒழுகட்டும் என்ற எண்ணம்தான், வேறென்ன? ஆனால் என் வாரம் வரும்போதெல்லாம் மறுபடி ஒழுகுகிறது. அதனால் போன ஞாயிறு கொஞ்சம் தாராளமாகவே போட்டேன். இசக்கியப்பனும் கோயில் கொடைத் திருவிழாவுக்கு ஊருக்குப் போயிருந்தான். பயமில்லாமல் போட்டேன்.

ஜூன் 13, சனி

கார் கொதித்துவிட்டது.

வாசுதேவநல்லூரிலிருந்து அண்ணன் மகளுக்குச் சம்பந்தம் பேசுகிற வீட்டார் குற்றாலத்தில் குளிக்க வருவதாக ஏற்பாடு. அண்ணனே போய் அழைத்து வந்திருக்கிறார். கடையநல்லூர் தாண்டியதும் முன்னால் புகை மாதிரி ஆவி. மூடியைத் திறந்தால் வெந்நீர் ஆள் உயரத்துக்குப் பீய்ச்சியதாம். பட்டுப்புடவையோடு பெண்கள் ரோட்டில் நின்று, பிறகு மாட்டுவண்டி பிடித்து வந்து சேர்ந்தார்கள். என் மனைவி பாலம்மாள், இரண்டு வீட்டுக்கும் நடுச்சுவருக்கு அந்தப் பக்கம் கேட்டதை வந்து சொன்னாள். சொல்லும்போது அவளுக்குச் சிரிப்பு. எனக்குத்தான் சோறு இறங்கவில்லை.

ஜூன் 14, ஞாயிறு

இசக்கியப்பனை அண்ணன் நிறுத்திவிட்டார்.

அப்பா காலத்திலிருந்து ஏழு வருஷம் ஓட்டியவன். கொட்டகை வாசலில் வைத்து, தெருவே கேட்க, "தண்ணி பாக்கத் துப்பில்லாத பயலுக்கு எதுக்குலே வண்டி? போலே!" என்றார். இசக்கியப்பன் சட்டைப் பையிலிருந்து சாவியை எடுத்து மட்கார்டு மேல் வைத்தான். அண்ணன் அங்கேயே ஒரு கடிதமும் எழுதிக் கொடுத்தார், வண்டியில் கவனமில்லாதவன் என்று. அந்தக் கடிதத்தோடு போனால் எந்தப் பஸ் முதலாளி அவனைச் சேர்ப்பான்?

நான் என் வீட்டு ஜன்னலில்தான் நின்றேன். இருபதடி தூரம். தவிடு போட்டவன் நான் என்று ஒரே வாக்கியம். சொன்னால் பழுது என் தலையில், கார் அண்ணனுக்கு. அதனால் வாயைத் திறக்கவில்லை. ச்சீ.

ஜூன் 15, திங்கள்

என் வாரம். கார் இருக்கிறது, ஓட்ட ஆள் இல்லை.

ஜூன் 17, புதன்

எனக்கும் ஓட்டத் தெரியுமே என்று தென்காசிக்கு எடுத்துப் போனேன். ரயில் நிலையம் போவதற்குள் மூன்று தடவை கொதித்தது. எங்கள் மேலகரத்திலிருந்து இந்தக் கொஞ்ச தூரத்துக்கு மூன்று தடவை! கூடவே ஒரு குடம் தண்ணீர் கொண்டுபோனேன், மாட்டுக்குக் கொண்டுபோகிற மாதிரி. அவன் இருந்தவரை இப்படி இல்லையே? தவிடு அப்போதும்தானே போட்டேன்?

ஜூன் 21, ஞாயிறு

இந்த வாரம் தவிடு போடவில்லை. நல்லவனாகிவிட்டேன் என்று அர்த்தமில்லை, கை வரவில்லை. ஆறு மணிக்குச் சாவி சுவருக்கு அந்தப் பக்கம் போனது.

ஜூன் 25, வியாழன்

சாரல் பிடித்துவிட்டது, மெயினருவியில் நல்ல தண்ணீர். மனசு எங்கேயும் தங்காததால் குளித்தாலாவது சரியாகுமா என்று குற்றாலத்துக்கு நடந்தே போனேன். அருவிக்குப் போகிற வழியில் எண்ணெய் தேய்த்துவிடுகிறவர்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஒருவன் குனிந்து கிண்ணத்தில் எண்ணெய் ஊற்றிக்கொண்டே, "எண்ணெய் தேய்க்கட்டுமாய்யா?" என்றான். நிமிர்ந்தான். இசக்கியப்பன்.

காக்கிச் சட்டை போட்டு, பித்தளைப் பொத்தானைத் துடைத்துத் துடைத்து வைத்திருப்பானே, அவன். இடுப்பில் ஒரு ஈரத் துண்டு. அவன்தான் முதலில் பேசினான். "சின்னையா சளி பிடிக்காம குளிங்க. இன்னிக்குத் தண்ணி ரொம்ப குளிரா இருக்கு."

நான் குளிக்கவில்லை. திரும்பி நடந்தேன். பாதி வழியில்தான் அவன் எப்படி இருக்கிறான் என்றுகூடக் கேட்கவில்லை என்பது நினைவு வந்தது. சீசன் முடிந்தால் எண்ணெய் தேய்க்கிற வேலையும் இல்லை. பிறகு? அவன் வீட்டில் நாலு வாய்.

ஜூன் 28, ஞாயிறு

கார் செத்துவிட்டது. அதுவும் நாலு மணிக்கு! அண்ணனின் புது டிரைவர் தெருமுனைவரை கொண்டுவந்தான், அதற்கு மேல் அது நகரவில்லை. ஆறு மணிக்கு மேலென்றால் என் வாரம், அதற்கு முன் அவர் வாரம். நாலு மணிக்கு நின்றாலும் கெட்டது யார் வாரத்தில் என்று மதினி சுவரைப் பார்த்துக் கேட்டார். பாலம்மாளும் சுவரிடமே பதில் சொன்னாள். கடைசியில் வல்லிநாயகம் மாமா வந்து, மெக்கானிக் தாணுமாலயன் பட்டறைக்குக் கொண்டுபோய் இரண்டு பேரையும் வைத்துக்கொண்டு பிரித்துப் பார்க்கட்டும் என்று தீர்ப்புச் சொன்னார். இரண்டு காளைகள் பூட்டி இழுத்துப் போனோம். தெருவே வேடிக்கை பார்த்தது.

ஜூலை 2, வியாழன்

எல்லாவற்றையும் அப்படியே எழுதவேண்டும்.

தாணுமாலயன் நாகர்கோவில்காரர், எதையும் அவசரப்பட்டுச் சொல்லமாட்டார். முதலில் விசிறிப் பெல்ட்டை இழுத்துப் பார்த்தார், தளரவில்லை. பம்பைச் சுற்றினார், சுற்றியது. ரப்பர்க் குழாய்களைக் கழற்றி ஊதினார். பிறகு ரேடியேட்டரைத் தனியே கழற்றி நிறுத்தி, மேல்வாயில் ஒரு வாளித் தண்ணீர் ஊற்றினார். கீழே சொட்டுச் சொட்டாகத்தான் வந்தது.

"எஞ்சினுக்கு ஒண்ணும் இல்ல அண்ணாச்சி. மேல ஊத்துத தண்ணி கீழ வரமாட்டேங்கு. உள்ள என்னமோ அடைச்சிருக்கு."

அண்ணன் பட்டறையின் ஒரு மூலையில், நான் இன்னொரு மூலையில். தாணுமாலயன் ஊதுவிளக்குச் சுடரால் ஈயப்பற்றை உருக்கி மேல் தொட்டியைப் பிரித்தெடுத்தார். உள்ளே பார்த்தார். ஒரு கரண்டியால் சுரண்டி ஒரு தட்டில் கொட்டினார்.

"இது ரேடியேட்டரா, மாட்டுத் தொட்டியா?"

தவிடு. வெந்து, புளித்து, அடையடையாக. என் காது சூடேறியது. அதற்கப்புறம்தான் பார்த்தேன், தவிட்டோடு மஞ்சளாக இன்னொன்று. தாணுமாலயன் அதை விரலில் தேய்த்து மூக்கில் வைத்தார்.

"கடுகுப் பொடி. இதுவும் ஒழுக்கை அடைக்கப் போடுததுதான். எவனோ ரெண்டையும் போட்டிருக்கான்."

நான் கடுகு போடவில்லை. சத்தியமாகப் போடவில்லை. தலையைத் தூக்கி அண்ணனைப் பார்த்தேன். அவர் தவிட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் முகம் அப்படிக் கறுத்து நான் பார்த்ததில்லை. எல்லாம் புரிந்துவிட்டது, இருவருக்கும் ஒரே நொடியில். அவர் வாரம் முடியும்போது அவர் கடுகு, என் வாரம் முடியும்போது நான் தவிடு.

அண்ணன் தொண்டையைச் செருமினார். "டிரைவர் பய போட்டிருப்பான்."

"ஆமா," என்றேன்.

ஐந்து மாதத்துக்குப் பிறகு என் அண்ணனிடம் நான் சொன்ன முதல் வார்த்தை அது.

தாணுமாலயன் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு ரேடியேட்டரைத் தலைகீழாகத் திருப்பி, அடியில் தண்ணீர் வடிக்கிற சின்னக் குழாயைக் காட்டினார். மற்ற இடமெல்லாம் களிம்பு பிடித்திருக்க, அது மட்டும் திறந்து மூடித் தேய்ந்து பளபளத்தது. ஒழுகுகிற ஓரத்தில் துணி சோப்பு அப்பியிருந்தது.

"டிரைவர் போட்டான்னா அவனே எதுக்கு வடிச்சு வடிச்சுக் கழுவணும்? இம்புட்டையும் உள்ள வச்சுக்கிட்டு ஒரு வண்டி ஒரு மாசம் ஓடாது. அஞ்சு மாசம் ஓடியிருக்குன்னா, எவனோ வாராவாரம் கழுவி விட்டு, வெளிய சோப்பைத் தேய்ச்சு ஓட்டியிருக்கான். கழுவுத ஆளை நிறுத்தியாச்சு, வண்டியும் நின்னாச்சு."

உள்குழாய்கள் அரித்துவிட்டன, புது ரேடியேட்டர்தான் மாற்றவேண்டும், மதராஸிலிருந்து வரவேண்டும் என்றார். அண்ணன் குடையைக்கூட எடுக்காமல் மழையில் இறங்கிப் போனார்.

ஜூலை 3, வெள்ளி

இசக்கியப்பனைத் தேடிப் போனேன். எண்ணெய்க் கிண்ணத்தை ஓரமாக வைத்துவிட்டு எழுந்து நின்றான். தவிடு போட்டது நான்தான் என்றேன்.

"தெரியும் சின்னையா. பெரியய்யா கடுகு போடுததும் தெரியும். திங்கக்கெழமை காலையில வாய்க்காங்கரைக்கு வண்டி கழுவன்னு கொண்டுபோவேம்லா, அங்கன வச்சு எல்லாத்தையும் வடிச்சு விட்ருவேன். கொடைக்குப் போன வாரந்தான் முடியல. வந்ததும் வராததுமா வாசுதேவநல்லூருக்கு எடுக்கச் சொல்லிட்டாவ."

"அன்னைக்கே ஏண்டா சொல்லல?"

"யாரு பேரச் சொல்லட்டும்? ரெண்டு பேரும் எனக்குச் சோறு போட்டவிய."

கோபித்திருந்தால் தாங்கியிருப்பேன். அருவிச் சத்தத்தில் நான் அழுதது அவனுக்குக் கேட்டிருக்காது என்று நினைக்கிறேன்.

ஜூலை 5, ஞாயிறு

இசக்கியப்பன் பஸ் முதலாளியிடம் காட்டுவதற்கு ஒரு கடிதம் எழுதினேன். நான்கு முறை கிழித்து ஐந்தாவது முறை. வண்டி கொதித்தது டிரைவர் குற்றமில்லை, நான் ரேடியேட்டரில் தவிடு போட்டேன் என்று. கையெழுத்தும் போட்டேன். பாலம்மாள் படித்துப் பார்த்துவிட்டு, "இப்பதான் நீங்க சாப்பிட்டா செமிக்கும்" என்றாள்.

ஜூலை 7, செவ்வாய்

பஸ் முதலாளி கடிதத்தைப் படித்துவிட்டு, வேலையை விட்டு நிறுத்தியவர் மூத்தவர், அவர் கையெழுத்து வேண்டும் என்று திருப்பிக் கொடுத்தாராம். நியாயம்தான்.

அண்ணனிடம் நான் போகவேண்டும். நானா? அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லையே. அவர் போட்ட கடுகுக்கு நான் ஏன்— காலையிலிருந்து முற்றத்தில் நடக்கிறேன். பாலம்மாள் "உக்காருங்க, தல சுத்துது" என்கிறாள், தனக்கு.

ஜூலை 8, புதன்

போனேன். மதினி கதவைத் திறந்து, என்னைப் பார்த்ததும் உள்ளே போய்விட்டார். அண்ணன் பத்திரிகை பார்த்துக்கொண்டிருந்தார். கடிதத்தை அதன் மேல் வைத்தேன்.

"தவிடு நான்தாண்ணே போட்டேன். கார் வேண்ணா நீங்களே வச்சிக்கிடுங்க. இசக்கியப்பன் அருவிக்கரையில எண்ணெய் தேய்க்கான். அத என்னால பாக்க முடியல."

படித்தார். நீண்ட நேரம் படித்தார், நான்கு வரிதான் இருந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு பேனாவை எடுத்து, என் கையெழுத்துக்கு மேலே, 'நான் கடுகுப் பொடி போட்டேன். அவனைக் குற்றம் சொன்னது என் தவறு' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

"கார் யாருக்குலே வேணும்?" என்றார். அவ்வளவுதான். காப்பிகூடத் தரவில்லை. ஆனால் நான் வெளியே வரும்போது, "குடை எடுத்துட்டுப் போ" என்றார்.

ஜூலை 11, சனி

இசக்கியப்பனுக்கு வேலை கிடைத்துவிட்டது. தென்காசி–குற்றாலம் பஸ்.

ஜூலை 22, புதன்

புது ரேடியேட்டர் வந்து, பூட்டியாயிற்று. தாணுமாலயன் தண்ணீர் ஊற்றிக் காட்டினார், மடமடவென்று இறங்கியது. கழற்றின பழையது வேண்டுமா என்று கேட்டார். இரண்டு பேரும் ஒரே சமயத்தில் வேண்டாம் என்றோம்.

வழியில் இசக்கியப்பனின் பஸ்ஸை நிறுத்தி, திரும்ப வந்துவிடு என்று அண்ணன் கேட்டார். அவரே கேட்டார். அவன் ஸ்டியரிங்கிலிருந்து கையை எடுக்கவில்லை. "மன்னிச்சுக்கிடுங்க பெரியய்யா. இந்த வண்டிக்கு ஒரே மொதலாளிதான். நிம்மதியா இருக்கு," என்றான்.

ஆகஸ்ட் 10, திங்கள்

என் வாரம். கார் கொட்டகையில், ஒரு சொட்டு ஒழுகாமல். குற்றாலத்தில் ஒரு வேலை இருந்தது. சாவியை எடுத்தேன். பிறகு ஏனோ ஆணியிலேயே மாட்டிவிட்டு, ரோட்டுக்கு வந்து பஸ்ஸுக்குக் கைகாட்டினேன்.

இசக்கியப்பன் காக்கிச் சட்டையோடு நேராக ரோட்டைப் பார்த்து உட்கார்ந்திருந்தான். நான் ஏறியதும் லேசாகத் தலையசைத்தான். அவனுக்குப் பின்சீட்டில், மடியில் துண்டும் கையில் எண்ணெய்ச் சீசாவுமாக, அண்ணன். என்னைப் பார்த்ததும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கண்டக்டர் வந்து டிக்கெட் கேட்டான்.

அண்ணன் ஜன்னல் பக்கமாக நகர்ந்து உட்கார்ந்து, "ரெண்டு," என்றார்.