மாமனாரின் நடை

தாங்சிகா,
19 அக்டோபர் 1986

லமூசாவின் அப்பாவுக்கு,

உங்கள் தலாத்தோ எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். பாரிஸில் குளிர் தொடங்கியிருக்கும், கழுத்தை மூடாமல் வெளியே போகாதீர்கள். இந்த வருஷம் கம்பு நன்றாக விளைந்திருக்கிறது. லமூசாவுக்கு முன்பற்கள் இரண்டும் விழுந்துவிட்டன. அதை அப்பாவுக்கு எழுது என்று தினமும் நச்சரிக்கிறாள்.

உங்கள் கடிதம் கிடைத்தது. படத்தில் நடித்த அப்பாவே போய்விட்டார், கடைசிக் காட்சி இல்லாமல் படம் இல்லை, ஜனவரியில் தொலைக்காட்சியில் பிறர் எடுத்ததை வெட்டி ஒட்டும் வேலையில் சேர்கிறேன் என்று எழுதியிருந்தீர்கள். படித்ததும் கோபம்தான் வந்தது. ஏழு வருஷத்தில் ஒன்றரைப் படம் எடுத்த இயக்குநர் என்று நீங்களே உங்களைக் கேலி செய்துகொள்வீர்கள். அந்த அரையை அப்படியே விட எப்படி மனம் வந்தது? தூசிக்காற்று வரட்டும் என்று அந்தக் காட்சியைத் தள்ளிவைத்து, எடுத்த சுருள்களைக் கழுவ பாரிஸுக்கு எடுத்துக்கொண்டு போனீர்கள். காற்று வந்தது, நீங்கள் வரவில்லை. கோடையில் மாமாவும் போய்விட்டார்.

அடக்கத்துக்கும் நீங்கள் வர முடியவில்லை. நம் வழக்கப்படி மருமகள்களில் ஒருத்தி இறந்தவரின் உடையைப் போட்டு அவரைப் போல நடக்க வேண்டுமே, எல்லோரும் என்னைத்தான் கைகாட்டினார்கள். படப்பிடிப்பில் நோட்டும் கையுமாக உட்கார்ந்திருந்தவள் நான்தானே. எந்தக் கால் முதலில், தொப்பி எந்தப் பக்கம் சாய்ந்தது, தடி எந்தக் கையில் என்று ஒவ்வொரு ஷாட்டுக்கும் எழுதி எழுதி அவர் நடை எனக்குள் ஊறிப்போயிருந்தது.

நீல அங்கியோடு முற்றத்தில் இறங்கி நாலடி வைத்தேன். ஐந்தாவது அடியை நான் வைத்த மாதிரி நினைவில்லை. இடது முழங்கால் அவருடையதைப் போலவே தானாக மடங்கியது. அவருடைய இருமல் வந்தது. வெயில், முற்றம், அழுதவர்கள் எல்லாம் தண்ணீருக்கு அடியில் இருப்பது போல மெல்ல அசைந்தன. அத்தை கம்புமாவு கரைத்த தண்ணீரை நீட்டி, "இவ்வளவு நேரம் எங்க சுத்திட்டு வர்றீங்க?" என்று மாமாவைத் திட்டுவது போல என்னைத் திட்டினார். நான் வாய் திறக்காமல் குடித்தேன். மாமாவும் அப்படித்தானே!

அப்போது சமோ இனத்துக்காரர் தோயே வந்தார். நம் இனத்தாரைக் கேலி செய்ய உரிமை உள்ளவர், இழவு வீட்டிலும் அவர் வாயை யார் மூட முடியும்? என் தடியைத் தட்டிவிட்டு, "ஏன்டா கிழவா, செத்தும் அடங்க மாட்டியா? உன் மவன் படத்த முடிக்கலன்னு பாதி வழியில திரும்பிட்டியா?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நான் குனிந்து தடியை எடுத்தேன்.

அன்றிலிருந்து ஒரே கனவு. வற்றிய ஏரியில் மாமா முதுகைக் காட்டியபடி தூசிக்குள் நடந்து போகிறார். நீங்கள் எடுக்காமல் விட்ட அதே காட்சி. நான் கூப்பிட்டால் அவர் திரும்புவதில்லை, என் கால்தான் நடக்கத் தொடங்குகிறது. விழித்த பிறகும் வெகுநேரம் முழங்கால் வலிக்கிறது.

பெரிய ஈமச்சடங்கு டிசம்பர் கடைசியில், மூன்று நாள். தூசிக்காற்றும் அப்போது வீசும். கடைசி முறையாக அந்த உடையைப் போடுவேன். பிறகு அங்கி ஒருவருக்கு, தொப்பி ஒருவருக்கு என்று பங்கிட்டுவிடுவார்கள். அதற்கப்புறம் அவரைப் போல நடக்க எனக்கு உரிமையில்லை. மிச்சமிருந்த இரண்டு ஃபிலிம் டப்பாக்களையும் மண் அறையில் சூடு படாமல் வைத்திருக்கிறேன். தலைநகர் வாகாதூகுவிலிருந்து வர ஒளிப்பதிவாளர் சம்மதித்துவிட்டார். அத்தையிடமும் கேட்டேன். உன்னை முதுகுப் பக்கமிருந்து எடுத்தால் சரி, அவருக்கும் ஏரிவரை நடக்கப் பிடிக்கும் என்றார்.

அந்த மூன்று நாளும் நீங்கள் என்னை அப்பா என்றுதான் கூப்பிட வேண்டும். வந்து கூப்பிடுங்கள். அவரிடம் சொல்லாமல் விட்டதையெல்லாம் சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன்.

கடவுள் உங்கள் பாதையைக் குளிர வைக்கட்டும். ஏரியின் அக்கரை வரை அவராகவே நடப்பேன். அங்கே தொப்பியைக் கழற்றிவிட்டு ஒருமுறை திரும்புவேன். அது படத்துக்கு வேண்டாம். கேமராவை நிறுத்திவிட்டு நீங்கள் மட்டும் பாருங்கள். நீங்கள் என்னைப் பார்த்துப் பதின்மூன்று மாதமாகிறது.

உங்கள்
தலாத்தோ