ஆற்றோர மரவரிசை

அப்பா,

இந்த முறை நலம் விசாரிக்கப் போவதில்லை. நேற்று போனில், "போட்டுக் குடுத்துரும்மா, ஒரு கையெழுத்துதானே லா" என்றீர்கள். போட மாட்டேன்.

தோட்டத்து மானேஜர் ஆற்றோர மரங்களை வெட்டி, எண்ணெய்க்குச் செம்பனை நடப்போகிறார். அங்கே குரங்கே இல்லையென்று நான் அறிக்கை எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டுமாம்! எட்டு மாதம் அந்த மரங்களுக்கடியில் லூத்தோங் குரங்குகளின் எச்சத்தைப் பொறுக்கியவள் நான். மரபணுச் சோதனை தெளிவாகச் சொல்கிறது. மேட்டுக் காட்டுக் குரங்குகளும் கோலசிலாங்கூர் கழிமுகத்துக் குரங்குகளும் இன்னும் ஒரே உறவுதான். அந்த மரவரிசை வழியாக வந்துதான் ஜோடி சேர்கின்றன. சாலைக்கு அப்பால் பல வருடமாக மாட்டிக்கொண்ட கூட்டத்துக்கு அந்த வழி இல்லை. தனக்குள்ளேயே கலந்து கலந்து, அதன் குட்டிகள் தங்குவதில்லை.

தோட்டம் தந்த லயத்து வீட்டை மானேஜர் பிடுங்கிக்கொள்வார் என்று பயப்படுகிறீர்கள். பிடுங்கட்டும். சுங்கை பெசாரில் என் வீட்டில் ஓர் அறை காலியாக இருக்கிறது.

லயமே சொந்தத்துக்குள் பெண் எடுத்த காலத்தில், அத்தை மகள் வேண்டாமென்று தொங்குபாலம் தாண்டிப்போய் அக்கரைத் தோட்டத்து அம்மாவைக் கட்டியவர் நீங்கள். அன்று யாராவது அந்தப் பாலத்தை அறுத்திருந்தால், உங்களை எதிர்த்து எழுத இன்று நான் இருந்திருக்க மாட்டேன்.

பிடிவாதத்தில் உங்களையே கொண்ட
மகள்